மெசின் பெட்டியில் ஒரு வீடு

"வெள்ளாமை வெட்டின வட்டைக்குள்ள வெள்ளைக்காரண்ட நாடகமா? கொக்குத்தான் வந்து பாக்கும், மகள்."

மாவடிப்பள்ளிப் பக்கத்து வட்டை ஒன்றுக்கு, அதாவது வயல்வெளிக்கு, பொறுப்பான விதானை என்னிடம் சொன்ன வார்த்தை இது. எந்த வாய்க்காலில் எப்போது தண்ணீர் பாய வேண்டும், யாருடைய மாடு எந்த வரம்பைத் தாண்டக் கூடாது என்பதெல்லாம் அவருடைய தீர்ப்பு. நாடகமும் அவருக்கு ஒரு மாட்டைப் போலத்தான் தெரிந்திருக்க வேண்டும். உள்ளே விட்டால் எதை மேயுமோ என்று என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"கொக்கு வந்தாலும் நல்லம், மாமா. கொக்கு நடுவில எழும்பித் தேத்தண்ணி குடிக்கப் போகாது" என்றேன்.

அவருக்குச் சிரிப்பு வந்தது. அதை வெற்றிலையோடு சேர்த்துத் துப்பிவிட்டு நிபந்தனையைச் சொன்னார்.

"ஒரு பின்னேரம் தாறன். அசர் தொழுகைக்குப் பொறகு தொடங்கி, பொழுதுபட மஃரிபுக்கு முதல் முடிக்கணும். அதுக்கிடையில சனம் எழும்பிச்செண்டா அதோட சரி. மறுகா இந்தப் பக்கத்து எந்த வட்டையிலயும் ஒங்களுக்கு இடமில்ல. எல்லா விதானைமாருக்கும் நான் செல்லிப்போடுவன்."

குழுவில் புதிதாகச் சேர்ந்திருக்கும் உங்களுக்கு என் அனுபவங்களை எழுதித் தரும்படி கேட்டிருந்தீர்கள். அனுபவம் என்பது தலை நரைத்த பிறகு எழுதுவது என்று நினைத்திருந்தேன். எனக்கு இன்னும் ஒரு முடிகூட நரைக்கவில்லை. ஆனால் அந்த ஒரு பின்னேரத்தில் முழுத் தலையும் நரைத்திருக்க வேண்டியது. அதனால் எழுதும் தகுதி எனக்கு இருக்கிறது.

ஏன் வயலுக்குப் போனோம் என்று முதலில் சொல்கிறேன். கல்முனையில் மண்டபம் எடுக்க எங்களுக்கு வழியில்லை. ஒருமுறை எப்படியோ எடுத்தோம். வந்தவர்கள் எங்கள் கம்பஸ் தோழர்களும் அவர்களுடைய கைபேசிகளும்தான். நான் பார்க்க ஆசைப்பட்ட சனம் வேறு. களை பிடுங்கும் பெண்கள், வெட்டு மெசின் ஓட்டுபவர்கள், சந்தைக்கு மரக்கறி கொண்டுவருபவர்கள். அவர்கள் மண்டபத்துக்கு வரமாட்டார்கள். ஆகவே நாங்கள் அவர்களிடம் போக வேண்டும். வயலும் மறுக்கப்பட்டால் எங்களுக்கு நாடகம் போட உலகத்தில் வேறு இடமே இல்லை. விதானையின் நிபந்தனை எங்கள் குழுவின் உயிரை ஒரு கொக்கத்தடியில் கட்டித் தொங்கவிட்டிருந்தது.

எடுத்துக்கொண்டது ஐரோப்பாவின் பழைய கொமெடி ஒன்று. ஒரு பணக்காரத் தகப்பன் தன் மகளைத் தன் கிழட்டு நண்பனுக்குக் கட்டிவைக்கப் பார்க்கிறான். மகள் மறுக்கிறாள். மூன்றாம் அங்கத்தின் முடிவில் தகப்பன் அவளை வீட்டைவிட்டுத் துரத்துகிறான். நாலாம் அங்கத்தில் அவள் கதவுக்கு வெளியே நின்று கெஞ்சுகிறாள், தகப்பன் உள்ளே நின்று மறுக்கிறான். ஐந்தாம் அங்கத்தில் எல்லாம் நன்றாக முடிகிறது. மூன்றாவதில் சனம் அழ வேண்டும், ஐந்தாவதில் சிரிக்க வேண்டும். இது எங்கள் திட்டம்.

தமிழாக்கம் நான் செய்தது. எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடத்தை முழுதாக முடித்த முதல் ஆள் நான். கம்பஸ் வாசலை மிதித்த முதல் ஆளும் நான்தான். என் உம்மாவும் மாமிமாரும் சனத்தோடு சனமாக இருந்து கேட்கப் போகிறார்கள் என்பதால், அகராதியில் கிடந்த நல்ல சொற்களையெல்லாம் தட்டி எழுப்பி மேடைக்குக் கொண்டுவந்திருந்தேன். 'இல்லம்', 'வெளியேறு', 'அப்பால் போ', 'நின் கண்ணீர்'. இன்றும் சொல்கிறேன், நல்ல தமிழாக்கம் அது. அந்தத் தமிழ் பேசும் ஆட்கள் குடியிருக்கும் தெருதான் எங்கள் ஊரில் இல்லை.

மேடைக்கு, உழவு மெசின் என்று நாங்கள் சொல்லும் டிராக்டர் இழுத்துப்போகும் பெட்டிகள் இரண்டை அருகருகே நிறுத்தினோம். பின்னால் வைக்கோல் கட்டுகளை அடுக்கிச் சுவர் எழுப்பினோம். முன் விளிம்பின் நடுவில், ஏணிக்கு நேரே, ஒரு கதவு. நாடகத்துக்கு உண்மையான கதவும் நிலையும் வேண்டுமென்று நான் அடம்பிடித்ததால், மேசன் வேலை செய்யும் என் வாப்பா, எனக்காகக் கட்டிக்கொண்டிருக்கும் வீட்டுக்கென்று வாங்கிவைத்திருந்த முன்கதவையே கழற்றாத கடதாசியோடு கொண்டுவந்து நிறுத்தினார். நிறுத்தியவர் திரும்பிப் போகவில்லை. நிலைக்குப் பக்கத்திலேயே காவல் நின்றார்.

"இதில ஒரு கீறல் விழுந்திச்செண்டா, நாடகத்தையே மாப்பிளயா எடுத்துக்க" என்றார்.

தகப்பனாக நடித்தவர் நவ்சாத் காக்கா. மோட்டார் சைக்கிளில் மீன் விற்பவர். மருதமுனையில் நின்று கூப்பிட்டால் காரைதீவில் பூனை வெளிக்கிடும், அப்படி ஒரு குரல். ஒத்திகைக்கு ஒழுங்காக வர முடியாததால் முழு நாடகத்தையும் கைபேசியில் பதிந்து, காதில் செருகிக்கொண்டு ஊர் ஊராக மீன் விற்றவர். மகளாக நடித்தவள் ஸில்மியா. பாலர் பாடசாலை டீச்சர். காக்கா வராத நாட்களில் அவருடைய வசனத்தையும் அவரைப் போலவே தொண்டையைக் கனைத்துச் சொல்லி எங்களைச் சிரிக்கவைப்பாள். இந்த இரண்டு சின்ன விடயங்களையும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். அன்று எங்களைக் கரை சேர்த்தவை அவைதான்.

அசர் முடிந்ததும் சனம் வரத் தொடங்கியது. நடுவில் ஒரு பெரிய வரம்பு. பெண்கள் ஒரு பக்கம், ஆண்கள் மறுபக்கம், யாரும் சொல்லாமலே. பாய், கதிரை, உரப்பை, கையில் கிடைத்ததை விரித்து அமர்ந்தார்கள். பெண்கள் பக்கத்தில் முன்வரிசையில் ஒரு பிளாஸ்டிக் கதிரையை வைக்கோலுக்குள் நன்றாக அழுத்தி நாட்டிவிட்டு கதீஜா மாமி உட்கார்ந்தார். விதானையின் மனைவி. அந்த வட்டையில் பாதிக்கு மேல் அவருடைய சீதனக் காணி என்று அவரே எல்லோருக்கும் சொல்லிவைத்திருந்தார். விதானை ஆண்கள் பக்கத்தில், வரம்பின் மேலேயே, இரண்டு பக்கமும் தெரியும்படி நின்றுகொண்டார். சனம் எழும்புகிறதா என்று பார்க்க அதைவிட நல்ல இடமில்லை.

முதல் இரண்டு அங்கமும் தண்ணீர் பாய்ந்ததுபோல் ஓடின. காற்று வசனங்களை அள்ளிக்கொண்டு போனது உண்மைதான். ஆனால் நவ்சாத் காக்காவின் குரலை அள்ளக் காற்றால் முடியவில்லை. சிரிக்கும் இடத்தில் சிரித்தார்கள். கிழட்டு மாப்பிள்ளை இருமியபோது ஒரு பெண் "தேசிக்காய்த் தண்ணி குடுங்க அந்தாளுக்கு" என்றாள். நான் பெட்டிக்குப் பின்னால் குந்தியிருந்து, பிரதியை மடியில் வைத்துக்கொண்டு, இந்த உலகம் என்னுடையது என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

மூன்றாம் அங்கத்தின் முடிவு வந்தது. நவ்சாத் காக்கா கையை நீட்டினார். நரம்பு புடைக்க முழங்கினார்.

"என் இல்லத்தை விட்டு வெளியேறு!"

ஸில்மியா விசும்பினாள். எங்கள் திட்டப்படி இப்போது பெண்கள் முந்தானையால் கண்ணைத் துடைக்க வேண்டும்.

"ஆர்ட இல்லம்?" என்றார் கதீஜா மாமி.

காக்கா கையை இன்னும் நீட்டினார். பிறகு, காது கேட்காத வாடிக்கையாளருக்கு விலை சொல்வதுபோல், இன்னும் சத்தமாகச் சொன்னார்.

"என் இல்லத்தை விட்டு..."

"மூத்த குமர் இரிக்கக்குள்ள ஊடு எப்பிடிடா உண்ட சொந்தமாகும்?"

பெண்கள் பக்கம் வெடித்தது.

"அவள்ட ஊட்டுக்குள்ள நிண்டுகொண்டு அவளையே போகச் செல்றான், பாருங்களன்!"

"நீதான் வெளிக்கிடணும்! சாமானைக் கட்டு!"

"நவ்சாத்து! நாளைக்கு எங்கட ஒழுங்கைக்கு மீனோட வந்திராத!"

பின்வரிசையிலிருந்து ஒரு மெல்லிய குரல், மற்ற எல்லாக் குரல்களையும்விடத் தெளிவாகக் கேட்டது.

"இஞ்ச பாருங்க. ஊட்ட வாங்க, கதைப்பம்."

அது நவ்சாத் காக்காவின் மனைவி. எந்த வீட்டுக்கு, யாருடைய வீட்டுக்கு என்பதை அவர் விளக்கத் தேவையிருக்கவில்லை.

வெளியூரிலிருந்து வந்திருக்கும் தங்கச்சிமாருக்காகச் சொல்கிறேன். எங்கள் கரையில் பெண்பிள்ளை பிறந்தால் தகப்பன் அத்திவாரம் போடுவார். கல்யாணம் முடிந்ததும் மாப்பிள்ளைதான் உடுப்புப் பெட்டியோடு பெண் வீட்டுக்கு வருவார். வீடு பெண்ணுக்கு. இருக்கிற வீட்டை மூத்தவளுக்குக் கொடுத்துவிட்டு, தாயும் தகப்பனும் பின்வளவில் சின்னதாக ஒன்று கட்டிக்கொண்டு போய்விடுவதும் உண்டு. கல்யாண வயதுக் குமராக மகள் இருக்கும்போது தகப்பன் அவளை வீட்டைவிட்டுத் துரத்துவதென்பது, வாடகைக்கு இருப்பவர் வீட்டுக்காரரைத் துரத்துவது போல. அதைப் பார்த்து எங்கள் ஊரில் யாரும் அழமாட்டார்கள். பொலிஸைத்தான் கூப்பிடுவார்கள்.

இது எனக்குத் தெரியாதா? நான் பிறந்தபோது வாப்பா போட்ட அத்திவாரத்தில், நான் படித்து முடிக்கும் வரை பசளிக்கீரை படர்ந்தது. அந்தக் கீரையைத் தாண்டித்தான் தினமும் ஒத்திகைக்குப் போனேன். அந்த வீட்டின் கதவையே கொண்டுவந்து மேடையில் நட்டிருந்தேன். அப்படியிருந்தும் எங்கள் குழுவில் ஒருவருக்குக்கூட, மனைவி வீட்டில் குடியிருக்கும் நவ்சாத் காக்காவுக்குக்கூட, இது உறைக்கவில்லை. 'வீடு' என்று எழுதியிருந்தால் முதல் நாளே உறைத்திருக்கும். 'இல்லம்' என்று எழுதியபோது அது எங்கோ வேறு நாட்டில், வேறு மனிதர்களுடையதாகிவிட்டது.

சனம் சிரிக்கக் கூடாத இடத்தில் சிரித்தால், மேடைக்குப் பின்னால் நிற்பவருக்கு முதலில் தோன்றும் எண்ணம், "இவர்களுக்கு விளங்கவில்லை" என்பதுதான். அந்த எண்ணத்தை நம்பாதீர்கள். விளங்காத சனம் கொட்டாவி விடும், கைபேசியைப் பார்க்கும். கத்துகிற சனம் நாடகத்துக்குள் வந்துவிட்ட சனம். அதை வெளியே தள்ளுவதா, இடம் ஒதுக்கிக் கொடுப்பதா என்பதை மூச்சு விடும் நேரத்தில் முடிவெடுக்க வேண்டும்.

நான் வைக்கோல் இடுக்கால் தலையை நீட்டினேன்.

"காக்கா, நீங்க இறங்குங்க."

"ஆ?"

"ஊட்ட விட்டு நீங்க வெளிக்கிடுங்க."

"புள்ள, நான்தானே துரத்துற ஆள்!"

"இனி இல்ல. நாலாம் அங்கத்தில நீங்க அவள்ட வசனத்தச் செல்லுங்க, அவள் உங்கட வசனத்தச் செல்லட்டும். ஸில்மியா, விளங்கிச்சா?"

ஸில்மியாவின் விசும்பல் நின்றது. அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு, தொண்டையைக் கனைத்தாள். அந்தக் கனைப்பைக் கேட்டதும் எனக்குப் பாதி உயிர் திரும்பி வந்தது.

நவ்சாத் காக்கா சனத்தைப் பார்த்தார். கதீஜா மாமியைப் பார்த்தார். பின்வரிசையில் மனைவி இருந்த திசையைப் பார்த்தார். பிறகு, மேடையில் கிடந்த தலையணையை எடுத்துக் கமக்கட்டில் இடுக்கிக்கொண்டு, உடுக்கும் சாரம் ஒன்றைத் தோளில் போட்டுக்கொண்டு, பெட்டியின் ஏணியால் இறங்கினார். ஒவ்வொரு படியிலும் நின்று, ஒரு தடவை திரும்பிப் பார்த்து, மூக்கை உறிஞ்சினார். பெண்கள் பக்கத்தில் கைதட்டல் எழுந்தது. எங்கள் நாடகத்துக்குக் கிடைத்த முதல் கைதட்டல், பிரதியில் இல்லாத இடத்துக்குக் கிடைத்தது.

நாலாம் அங்கத்தின் ஒரு சொல்லைக்கூட நாங்கள் மாற்றவில்லை. ஆட்களை மட்டும் மாற்றினோம். தாடி வைத்த மீன்காரர் பின்னேர வெயிலில், தலையணையைக் கட்டிப்பிடித்துக்கொண்டு, "இந்தக் கும்மிருட்டில் தன்னந்தனியே எங்கே போவேன்?" என்று அழுதார். கதவுக்கு உள்ளேயிருந்து ஸில்மியா, பாலர் வகுப்பில் பிள்ளைகளை அடக்கும் குரலில், "நின் கண்ணீர் என் கம்பளத்தை நனைக்கிறது, அப்பால் போ!" என்றாள். நான் ராவெல்லாம் அகராதி புரட்டித் தேடிய சொற்கள், இப்போதுதான் தங்களுக்கு ஏற்ற வாயைக் கண்டுபிடித்தன. வரம்புக்கு அந்தப் பக்கம் ஆண்கள் வைக்கோலில் புரண்டார்கள். ஒருவர் சிரித்துச் சிரித்து விக்கல் எடுத்து, பக்கத்தில் இருந்தவரின் தோளைப் பிடித்துக்கொண்டார். அவர்கள் எல்லோருக்கும் தனித்தனியே ஒரு கதவு ஞாபகம் வந்திருக்க வேண்டும்.

அப்போதுதான் கதீஜா மாமி எழுந்தார்.

கதிரையைப் பின்னால் தள்ளிவிட்டு நேராக எழுந்தார். அவர் எழுந்ததும் பக்கத்தில் இருந்தவர்கள் எழுந்தார்கள். பிறகு பின்வரிசை. பிறகு ஆண்கள் பக்கம். பாய் சுருட்டும் சத்தம், கதிரை மடக்கும் சத்தம். ஒரு நிமிடத்துக்குள் முழுச் சனமும் நின்றுகொண்டிருந்தது. நான் வைக்கோலுக்குள் முகத்தைப் புதைத்தேன். வைக்கோல் இடுக்கால், வரம்பின் மேல் விதானை இடுப்பில் கைவைத்து நின்றது மட்டும் தெரிந்தது. சரி, எல்லாம் முடிந்தது. இனி எந்த வட்டையும் இல்லை. நாளைக்கு மெசின் பெட்டியைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, எல்லோரும் அவரவர் வேலையைப் பார்க்க வேண்டியதுதான் என்று நினைத்தேன்.

கால் சத்தம் தூரப் போகவில்லை. கிட்ட வந்தது.

தலையைத் தூக்கிப் பார்த்தால், கதீஜா மாமி மெசின் பெட்டியில் கையை ஊன்றிக்கொண்டு நிற்கிறார். அவருக்குப் பின்னால் பெண்கள் எல்லோரும். ஆண்கள் வரம்பு வரை வந்து நெருக்கிக்கொண்டு நிற்கிறார்கள்.

"இஞ்ச பாரு புள்ள" என்றார் மாமி, கதவைத் தட்டி. "வாப்பா பிழை செஞ்சிட்டாரு. மன்னிப்புக் கேட்டா உள்ள எடுப்பியா?"

ஸில்மியா கதவைக் கொஞ்சம் திறந்து தலையை நீட்டினாள். "கேக்கட்டும் பாப்பம், மாமி."

"கேளுங்க நவ்சாத்து."

"மாமி, பிரதியில அப்பிடி இல்ல..."

"பிரதியாம் பிரதி. கேளுங்க."

கேட்டார். தலையணையோடு கேட்டார். போதாது என்றார்கள். கிழட்டு மாப்பிள்ளையைத் திருப்பி அனுப்ப வேண்டும் என்று ஒருத்தி. அந்தப் பாத்திரத்தில் நடித்த எங்கள் தம்பி தானாகவே இருமிக்கொண்டு வரம்பு தாண்டி ஓடினான். மாப்பிள்ளையைப் புள்ளயே பார்க்கட்டும் என்று இன்னொருத்தி. பின்வளவில் நல்ல கிணறு இருக்கிறதா, அங்கே ஒரு குடில் போட்டுக் கொடுத்தால் என்ன என்று ஆண்கள் பக்கத்திலிருந்து ஒரு யோசனை. நெரிசலில் நிலை ஆடத் தொடங்க, என் வாப்பா இரண்டு கையாலும் அதைக் கட்டிப்பிடித்துக்கொண்டு, "கதவு! கதவு! பார்த்து!" என்று கத்தினார். அவரும் நாடகத்தில் ஒரு ஆள் என்று நினைத்து, "நீங்க ஆரு, மாப்பிளட தகப்பனா?" என்று கேட்டார்கள்.

மேற்கே வெயில் சாய்ந்துவிட்டது. வரம்பிலிருந்து ஒரு குரல் எல்லாவற்றையும் மீறி வந்தது.

"மஃரிபுக்குப் பாங்கு செல்லப் போறாங்க! அந்தாள உள்ளுக்கு எடுங்களன்டி!"

விதானைதான்.

ஸில்மியா கதவைத் திறந்தாள். நவ்சாத் காக்கா உள்ளே கால் வைத்தார். ஐந்தாம் அங்கம் இன்றுவரை யாரும் நடிக்காமல் என் பெட்டியில் இருக்கிறது.

தொழுகை முடிந்து வந்த விதானை நேரே என்னிடம் வந்தார். குழு முழுவதும் எங்களைச் சுற்றிக் கூடியது.

"நான் என்ன செல்லியிருந்தன், மகள்?"

"சனம் எழும்பினா அதோட சரியெண்டு, மாமா."

"எழும்பிச்சா, இல்லையா?"

"எழும்பிச்சி. ஆனா போறதுக்கு எழும்பல்ல. வாறதுக்குத்தான்..."

"அதெல்லாம் எனக்குத் தெரியா. சொல்லெண்டா சொல்லுதான்."

அவர் முகத்தில் சிரிப்பே இல்லை. மாடு வரம்பு தாண்டினால் தாண்டினதுதான், எதற்காகத் தாண்டியது என்று விசாரிக்கும் வழக்கம் அவரிடம் இல்லை. எனக்கு அழுகை முட்டியது. அழுதால் பேச்சு வராது. ஆகவே பேசினேன்.

"அப்ப ஒண்டு கேக்கன் மாமா. முதல்ல எழும்பினது ஆரு?"

விதானை வாயைத் திறந்தார். கொஞ்சம் தள்ளி, அபாயாவில் ஒட்டிய வைக்கோலைத் தட்டிக்கொண்டிருந்த கதீஜா மாமி நிமிர்ந்தார்.

"நான்தான் எழும்பின. அதுக்கென்ன?"

விதானை திறந்த வாயை மூடினார். மேற்கே பார்த்தார். வாய்க்காலைப் பார்த்தார். மனைவியின் சீதனக் காணியில், மனைவியின் வீட்டுக்குப் போகும் பாதையில் அவர் நின்றுகொண்டிருந்தார்.

"அது எழும்பினதில சேராது" என்றார்.

"ஏனாம்?" என்று தலையணையோடு நின்ற நவ்சாத் காக்கா கேட்டார்.

"நீ வாயப் பொத்து. உன்ன உண்ட பொண்டாட்டி ஊட்டுக்குள்ள எடுக்காளா எண்டு போய்ப் பாரு முதல்ல." பிறகு என் பக்கம் திரும்பி, குரலைத் தணித்துச் சொன்னார்: "சவளக்கடை வட்டை விதானை எனக்குத் தெரிஞ்ச ஆள்தான். வெட்டு முடிஞ்ச கையோட கதைக்கன், இன்ஷா அல்லாஹ்."

கதைத்துவிட்டார். நீங்கள் சேர்ந்திருக்கும் இந்தக் கரையோரத்துக் குழுவை உங்கள் கையில் தந்துவிட்டு, நான் உள்பக்கத்து வயல்களுக்கென்று புதுக்குழு ஒன்றைத் தொடங்கிவிட்டேன். போன கிழமை சவளக்கடைக்குப் போய் இடமும் பார்த்தாயிற்று. இந்த முறை பழைய அரச நாடகம் ஒன்று. எழுதிய முதல் அங்கத்தை ஒத்திகைக்கு முன்பே அந்த ஊர்ப் பெண்களுக்கு நடுவில் உட்கார்ந்து வாசித்தும் காட்டிவிட்டேன். அவர்கள் கேட்ட முதல் கேள்விக்கு ஏற்றபடி ஒரு பக்கத்தைக் கிழித்து மறுபடி எழுதினேன். அரசன் வேடத்துக்கு நவ்சாத் காக்காவிடமே போனேன். மீன் வெட்டிக்கொண்டே கேட்டார்.

"அரண்மனை எவ்வளவு பெரிசு, தங்கச்சி?"

"பெரிசுதான் காக்கா. மகாராணிட பேரில எழுதியிரிக்கன்."

கத்தியைக் கீழே வைத்தார்.

"அப்ப நான் தலையணையைக் கொண்டு வாறன்."